முழுமையான பிரதி

பழைய இதழ்களை விற்பவர்களும் வாங்குபவர்களும் அடிக்கடி சொல்லும் ஒரு சொல் உண்டு: 'முழுமையான பிரதி'. அட்டை கிழிந்திருக்கக் கூடாது. முதுகு உடைந்திருக்கக் கூடாது. பின்கள் துருப்பிடித்திருக்கக் கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, நடுப்பக்கம் இருக்க வேண்டும். அதுவும் பின்னிலிருந்து கழன்றுவிடாமல் இருக்க வேண்டும். ஆண்களுக்கென்று அமெரிக்காவில் நடத்தப்பட்ட இதழ்களைச் சேகரிப்பவர்களிடம் 'முழுமை' என்பதன் முதற்பொருள் இதுதான். நடுப்பக்கத்தில் ஒரு பெண் இருக்கிறாள். அவள் இருந்தால் இதழ் முழுமை. அவளைக் கிழித்து எடுத்திருந்தால் குறை.

அந்த முழுமை பொய் என்று சொல்வதற்காகவே இதை எழுதுகிறேன்.

என் பல்கலைக்கழகக் காலத்து நண்பர் ஒருவர் அமெரிக்காவில் குடியேறிவிட்டவர். 1950களிலிருந்து 1970கள் வரையிலான 'பிளேபாய்' இதழ்களைத் தேடித் தேடிச் சேர்த்துவைத்திருக்கிறார். ஒவ்வோர் இதழுக்கும் தனி உறை, அமிலம் கலக்காத அட்டை, அறையின் ஈரப்பதத்தைக் காட்டும் கருவி என்று, நம் ஊரில் பல ஓலைச்சுவடிகளுக்கே வாய்க்காத பராமரிப்பு. "இது ஆபாசம் இல்லை, பண்பாட்டு மரபு" என்பார். இருபதாம் நூற்றாண்டை அறிய விரும்புகிறவர் இவற்றைப் படித்தாக வேண்டும் என்பார். படிக்கத்தான் வேண்டும், அதில் எனக்கு மறுப்பில்லை. முனைவர் பட்ட ஆய்வுக்காகப் பழைய தமிழ் இதழ்க் கட்டுகளோடு சில ஆண்டுகள் கிடந்தவள் நான். கத்தரித்து எடுக்கப்பட்ட ஒரு பக்கம் ஆய்வாளரை என்ன பாடு படுத்தும் என்று எனக்குத் தெரியும். அதனால்தான் இந்த 'முழுமை'யை இவ்வளவு கறாராகக் கேள்வி கேட்கிறேன்.

சேகரிப்பாளர்கள் வைக்கும் முதல் வாதம் எல்லாருக்கும் தெரிந்தது: நாங்கள் கட்டுரைகளுக்காக வாங்குகிறோம். அமெரிக்காவில் இது பழைய நகைச்சுவையாகிவிட்டது. ஆனாலும் இதில் உண்மை இல்லாமல் இல்லை. ரே பிராட்பரியின் 'ஃபாரன்ஹீட் 451' 1954 மார்ச் முதல் மே வரை மூன்று இதழ்களில் தொடராக வந்தது. 1962இல் இசைக்கலைஞர் மைல்ஸ் டேவிஸை அலெக்ஸ் ஹேலி கண்ட நேர்காணலும், 1965இல் மார்ட்டின் லூதர் கிங்கை அவரே கண்ட நேர்காணலும் இன்றும் படிக்கத் தக்கவை. கருக்கலைப்புச் சட்டங்களைத் திருத்தப் போராடியவர்களுக்கு இந்நிறுவனத்தின் அறக்கட்டளை பணம் தந்திருக்கிறது. இதையெல்லாம் மறைத்து வாதாட வேண்டிய தேவை எனக்கில்லை.

ஆனால் கட்டுரைகள்தான் காரணம் என்றால், கட்டுரைகள் மட்டுமே கொண்ட ஒரு 'பிளேபாய்' உண்மையிலேயே இருந்தது. பார்வையற்ற வாசகர்களுக்காக அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் பிரிவு ஒன்று 1970 முதல் அதைப் பிரெய்லில் வெளியிட்டது. அதில் ஒரு படம்கூடக் கிடையாது. கதை, கட்டுரை, நேர்காணல் மட்டும்தான். 1985இல் அந்நாட்டுச் சட்டமன்றம் அதற்கான நிதியை வெட்டியது; அது பேச்சுரிமைக்கு எதிரானது என்று அடுத்த ஆண்டே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எழுத்துக்காகவே ஒரு வழக்கு நடந்து வென்ற பதிப்பு அது. என் நண்பரின் அலமாரியில் அதில் ஒரு பிரதியும் இல்லை. கேட்டேன். "அதை வைத்து என்ன செய்வது?" என்றார்.

எழுத்துக்கு அங்கே இருந்த மதிப்பையும் பெண்ணின் பக்கத்திலிருந்து பார்த்துவிடுவோம். 1969இல் உர்சுலா லெ குவின் எழுதிய 'நைன் லைவ்ஸ்' என்ற அறிவியல் புனைகதையை 'பிளேபாய்' ஏற்றுக்கொண்டது. ஒரு நிபந்தனை வைத்தது: முதற்பெயர் வேண்டாம், முன்னெழுத்துகள் போதும். பெண் எழுதியது என்று தெரிந்தால் வாசகர்கள் தயங்குவார்களாம். அவரும் ஒப்புக்கொண்டார், கதை யு. கே. லெ குவின் என்ற பெயரில் வந்தது. ஒரே இதழுக்குள் நடந்ததைப் பாருங்கள். உடலைக் காட்டும் பெண்ணுக்கு நடுவில் மூன்று பக்க அகலம். கதை எழுதும் பெண்ணுக்குத் தன் பெயரை முழுதாக அச்சிட்டுக்கொள்ளவும் இடமில்லை.

அடுத்த ஆண்டு இன்னொன்று நடந்தது. பெண் விடுதலை இயக்கம் பற்றி எழுதித் தரும்படி சூசன் பிராடி என்ற பத்திரிகையாளரைக் கேட்டார்கள். அவர் இயக்கத்தைப் புரிந்துகொண்டு எழுதினார். அது வெளிவரவில்லை. 1970 மே இதழில் அந்த இடத்தில் ஓர் ஆண் எழுதிய கட்டுரை வந்தது. பெண்ணியவாதிகளைத் தாக்கி எழுதச் சொல்லி நிறுவனர் ஹியூ ஹெஃப்னர் அனுப்பிய உட்குறிப்பை அங்கே வேலை பார்த்த பெண் செயலர் ஒருவர் வெளியே கொண்டுவந்தார், வேலை போயிற்று. அந்த மே இதழை ஒருவர் கசங்காமல் கிழியாமல் 55 ஆண்டுகள் பாதுகாத்திருக்கலாம். சூசன் பிராடியின் கட்டுரை அதில் இல்லை. அது முழுமையான பிரதியா?

இரண்டாவது வாதம்: அந்தப் பெண்கள் சம்மதித்துத்தானே நின்றார்கள், பணம் வாங்கினார்களே. சரி, கணக்கைப் பார்ப்போம். சேகரிப்பாளர்கள் தலையில் வைத்துக் கொண்டாடும் முதல் இதழ் 1953 டிசம்பரில் வந்தது. இரண்டாவது இதழ் வருமா என்று ஹெஃப்னருக்கே உறுதியில்லாததால் அட்டையில் தேதி போடவில்லை. விலை 50 சென்ட். ஏறத்தாழ 54,000 பிரதிகள் விற்றன. விற்கவைத்தது உள்ளே இருந்த மர்லின் மன்றோவின் நிர்வாணப் படம். அந்தப் படம் இதழுக்காக எடுக்கப்பட்டதே அல்ல. 1949இல், வேலையில்லாமல் பணமுடையில் இருந்த காலத்தில், டாம் கெல்லி என்ற புகைப்படக்காரருக்கு அவர் நின்றது. கிடைத்த கூலி 50 டாலர். ஒப்புதல் தாளில் சொந்தப் பெயரைப் போட மனமின்றி 'மோனா மன்றோ' என்று கையெழுத்திட்டார். நாட்காட்டி நிறுவனம் ஒன்றின் கையில் இருந்த அப்படத்தின் உரிமையை ஹெஃப்னர் 500 டாலருக்கு வாங்கினார். மன்றோவிடம் யாரும் கேட்கவில்லை. அவருக்கு யாரும் ஒரு சென்ட் கூடுதலாகத் தரவில்லை. ஒரு முறை 50 டாலருக்குக் கொடுத்த சம்மதத்தை நாட்காட்டிக்காரர் விற்றார், இதழ்காரர் விற்றார், இன்று ஏலக்காரர் விற்கிறார். நல்ல நிலையில் உள்ள முதல் இதழ் இப்போது ஆயிரக்கணக்கான டாலர்களுக்குக் கைமாறுகிறது. ஒவ்வொரு கைமாறலுக்கும் அந்தப் பழைய கையெழுத்தே சாட்சி. அதுவும் பொய்ப்பெயரில் இட்ட கையெழுத்து.

சம்மதம் என்பது ஒரு நாளில், ஒரு தேவைக்கு, ஒரு விலைக்குக் கொடுக்கப்படுவது. அதைக் காலவரையற்ற அடிமைச் சீட்டாக வாசிக்கிறவர்தான் 'அவள் சம்மதித்தாளே' என்று சொல்ல முடியும்.

இந்தக் கணக்கின் கடைசி வரி இன்னும் கொடியது. மன்றோ 1962இல் இறந்தார். ஹெஃப்னர் அவரை நேரில் சந்தித்ததே இல்லை. 1992இல், லாஸ் ஏஞ்சலஸ் நகரின் வெஸ்ட்வுட் கல்லறைத் தோட்டத்தில் மன்றோவின் உடல் வைக்கப்பட்டிருந்த பேழையை ஒட்டிய இடத்தை 75,000 டாலர் கொடுத்து வாங்கினார். 2017இல் இறந்தபோது அங்கேயே அடக்கமானார். உயிரோடிருந்தபோது முகம் பார்த்தறியாத ஒரு பெண்ணின் பக்கத்தில் என்றென்றைக்கும் படுத்துக்கொள்ளும் உரிமையைப் பணத்தால் வாங்க முடிந்திருக்கிறது. பத்திரிகைகள் இதைக் காதல் கதைபோல எழுதின. எனக்கு இது சேகரிப்பாளரின் கதையாகத்தான் தெரிகிறது. தன் வாழ்க்கையைப் பற்றிய இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட தொகுப்பேடுகளை ஒட்டி ஒட்டி வைத்துச் சாதனைப் புத்தகத்தில் இடம்பெற்றவர் அவர். அவருடைய தொகுப்பில் கடைசியாகச் சேர்ந்த பொருள் ஒரு பெண்ணின் மரணம்.

மூன்றாவது வாதம்: எல்லாம் பழங்கதை, இப்போது அது வெறும் வரலாறு. அப்படியானால் 1972 நவம்பர் இதழின் கதையைச் சொல்கிறேன். அந்நிறுவனத்தின் வரலாற்றிலேயே மிக அதிகமாக விற்ற இதழ் அது. 70 லட்சத்துக்கும் மேல். நடுப்பக்கத்தில் லேனா என்ற ஸ்வீடன் நாட்டு இளம்பெண். உச்சரிப்புக்காகப் பெயரில் ஓர் எழுத்தைக் கூட்டி 'லென்னா' என்று அச்சிட்டார்கள். அடுத்த ஆண்டு, தெற்குக் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத்தின் பட ஆய்வுக்கூடத்தில் கணினிக்குள் ஏற்றிப் பார்க்க நல்லதொரு முகம் தேவைப்பட்டது. யாரோ ஒருவர் கையில் அந்த இதழ் இருந்தது. நடுப்பக்கத்தின் மேற்பகுதியை, தோள் வரைக்கும், வருடி எடுத்தார்கள். படச்செயலாக்க ஆய்வுகளில் உலகம் முழுக்கப் பயன்பட்ட சோதனைப் படம் அதுதான். படத்தைச் சுருக்குவது, இரைச்சல் நீக்குவது, விளிம்பு கண்டுபிடிப்பது என எந்தக் கணிமுறையையும் முதலில் அவள் முகத்தில்தான் சோதித்தார்கள்.

நம் ஊர்ப் பொறியியல் கல்லூரிகளின் ஆய்வகங்களுக்கும் அந்த முகம் வந்தது. தொப்பி அணிந்து தோள்மேல் திரும்பிப் பார்க்கும் அந்தப் பெண் யார், எங்கிருந்து வந்தாள் என்று தெரியாமலே அவள் முகத்தின்மேல் நிரல் எழுதித் தேர்ச்சி பெற்ற தமிழ் மாணவிகள் எத்தனையோ பேர். 'வெறும் வரலாறு' என்கிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கட்டும். ஒரு பல்கலைக்கழக ஆய்வுக்கூடத்துக்குள் அந்த இதழை இயல்பாகக் கொண்டுவர முடிந்தது என்றால், அந்த அறை யாருடையது என்பது அப்போதே முடிவாகிவிட்டது. பின்னால் வந்த பெண்கள் அந்த அறைக்கு விருந்தாளிகள். காப்புரிமையை வைத்திருந்த நிறுவனம் பேசாமல் இருந்துவிட முடிவு செய்தது. அதற்கு முடிவு செய்யும் உரிமை இருந்தது. லேனாவுக்கு அது இல்லை. 2019இல் வெளியான ஆவணப்படம் ஒன்றில், மாடல் தொழிலிலிருந்து தாம் ஓய்வுபெற்று நெடுங்காலமாயிற்று, தொழில்நுட்பத்திலிருந்தும் ஓய்வுபெறும் வேளை வந்துவிட்டது என்று அவர் சொன்னார். ஐ.இ.இ.இ. கணினிச் சங்கம் அந்தப் படத்தோடு வரும் ஆய்வுக்கட்டுரைகளை ஏற்பதில்லை என்று முடிவெடுத்தது 2024 ஏப்ரல் 1 முதல்தான். ஒரு பக்கத்திலிருந்து இறங்கி வர ஒரு பெண்ணுக்கு ஐம்பது ஆண்டுக்கு மேல் ஆகியிருக்கிறது.

இங்கே தமிழ் படித்தவளாக ஒன்று சொல்ல வேண்டும். தொகுத்துக் காப்பது நமக்குப் புதிய வேலை இல்லை. குறுந்தொகையில் பாடியவர் பெயர் தெரியாமல் போன பாடல்கள் உண்டு. அவற்றை நம் மரபு பெயரில்லாமல் விட்டுவிடவில்லை. பாடலுக்குள்ளேயே தேடி, அந்தப் புலவரின் சொல்லையே எடுத்து அவருக்குப் பெயராகச் சூட்டியது. செம்புலப்பெயனீரார் அப்படி வந்தவர். அணிலாடு முன்றிலார் அப்படி வந்தவர். பெயர் தொலைந்தவருக்கு அவருடைய சொல்லாலேயே பெயர் கொடுத்த தொகுப்பு அது. இந்த இதழ்களின் விற்பனைப் பட்டியலைப் பாருங்கள். பெயர் உள்ள பெண்களுக்கு அங்கே மாதத்தின் பெயர். மிஸ் ஆகஸ்ட். மிஸ் நவம்பர். அவர்கள் சொன்ன சொல் எதுவும் பட்டியலில் இல்லை. காப்பதில் இரு வகை இருக்கிறது. ஆளைக் காப்பது ஒன்று, ஆளை அழித்துவிட்டுத் தாளைக் காப்பது இன்னொன்று.

1979இன் மிஸ் ஆகஸ்டுக்கு டோரதி ஸ்ட்ராட்டன் என்று பெயர். கனடாவின் வான்கூவரைச் சேர்ந்தவர். அடுத்த ஆண்டு அந்த இதழ் அவரை ஆண்டின் சிறந்த மாடலாக அறிவித்தது. அதே ஆண்டு ஆகஸ்ட் 14 அன்று, பிரிந்து வாழ்ந்த கணவன் அவரைக் கொன்றான். அப்போது அவருக்கு வயது 20. அவர் படங்கள் முதலில் அந்த இதழுக்குப் போனதே அவன் முயற்சியால்தான். தெரேசா கார்ப்பெண்டர் என்ற பெண் பத்திரிகையாளர் 'வில்லேஜ் வாய்ஸ்' இதழில் இந்தக் கொலையைப் பற்றி எழுதினார். கணவனை மட்டும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றிவிட்டு மற்ற ஆண்கள் கைகழுவிக்கொள்ள அவர் விடவில்லை. 1981இல் அவருக்குப் புலிட்சர் பரிசு கிடைத்தது. அந்த ஆகஸ்ட் இதழை உறை போட்டு வைத்திருப்பவர்களில் எத்தனை பேர் கார்ப்பெண்டரின் கட்டுரையையும் பக்கத்தில் வைத்திருக்கிறார்கள்?

கடைசி வாதம் எனக்காகவே வைக்கப்படுவது: நிர்வாணத்தைக் கண்டால் உங்களுக்கு ஏன் இவ்வளவு பதற்றம், நீங்களும் ஒழுக்கக் காவலர்தானா? இதைத் தமிழில் கவிதை எழுதும் ஒரு பெண்ணிடம் கேட்பதற்குத் துணிச்சல் வேண்டும். குட்டி ரேவதியின் 'முலைகள்' 2002இல் வந்தபோது இந்த ஊர் என்ன ஆட்டம் ஆடியது என்பதை இருபதுகளில் இருந்த நாங்கள் பார்த்துக்கொண்டிருந்தோம். தன் உடலைத் தன் சொல்லில் எழுதியதற்காக அவரையும் சல்மாவையும் சுகிர்தராணியையும் மாலதி மைத்ரியையும் ஆபாசம் என்று ஏசினார்கள். எந்தப் பெண் கவிஞரின் அலமாரியிலும் ஒழுக்கக் காவலர்களுக்கு இடமில்லை. பெண்ணுடல் தாளில் தெரிவது எங்களுக்குப் பிரச்சினை இல்லை. அந்தத் தாள் யார் கையில் இருக்கிறது, யார் பேசுகிறார், யார் பேசாமல் இருக்க வேண்டியிருக்கிறது, காசு யாருக்குப் போகிறது என்பவையே எங்கள் கேள்விகள். 'முலைகள்' என்று ஒரு பெண் தன் தொகுப்புக்குப் பெயர் வைத்தால் கொதிக்கும் ஆண், அதே உடலை ஒரு நடுப்பக்கத்தில் பார்த்தால் பண்பாட்டு மரபு என்கிறான். முன்னதில் பேசுகிறவள் அவள் என்பதுதான் அவனுடைய சிக்கல்.

எனவே, எரியுங்கள் என்று நான் சொல்லப்போவதில்லை. எரித்தால் ஆதாரமும் சேர்ந்து எரியும். இந்தப் பெண்களுக்கு என்ன நடந்தது என்பதற்கு அந்த இதழ்களே சாட்சி. நூலகங்கள் வைத்திருக்கட்டும். என் நண்பரும் வைத்திருக்கட்டும். ஆனால் 'முழுமை' என்ற சொல்லைச் சொல்வதென்றால் அதற்குரிய வேலையைச் செய்ய வேண்டும்.

முதல் இதழின் பக்கத்தில் 50 டாலர் கூலியின் கதை இருக்கட்டும். மோனா மன்றோ என்ற கையெழுத்தின் கதை இருக்கட்டும். 1969 இதழின் பக்கத்தில் உர்சுலா என்ற பெயரை முழுதாக எழுதிவையுங்கள். 1970 மே இதழின் உறைக்குள், இந்த இடத்தில் சூசன் பிராடியின் கட்டுரை வந்திருக்க வேண்டும் என்று ஒரு தாள் வையுங்கள். 1963இல் குளோரியா ஸ்டைனம் வேறு பெயரில் நியூயார்க் 'பிளேபாய்' விடுதியில் முயல் வேடப் பணிப்பெண்ணாக வேலைக்குச் சேர்ந்து, 'ஷோ' இதழில் எழுதினாரே, அதைத் தேடி வாங்குங்கள். விளம்பரம் சொன்ன சம்பளத்துக்கும் கைக்கு வந்த சம்பளத்துக்கும் இருந்த தூரம், வேலை கேட்டு வந்த பெண்களுக்கு நடத்திய மருத்துவப் பரிசோதனை, உடையை வெளுக்கப் பிடித்துக்கொண்ட காசு எல்லாம் அதில் இருக்கின்றன. அதுவும் அக்காலத்தின் இதழ்தான், அதுவும் பழைய தாள்தான். அதைத் தேடி அலையும் சேகரிப்பாளர்கள் ஏன் இவ்வளவு குறைவு? ஹெஃப்னர் மாளிகையில் வாழ்ந்த பெண்கள் சிலர் 2022இல் வெளியான ஆவணத்தொடரில் பேசினார்கள். அப்போது நிறுவனமே தன்னை ஹெஃப்னரிடமிருந்து விலக்கிக்கொண்டு பகிரங்கக் கடிதம் எழுதியது. அந்தக் கடிதத்தையும் தொகுப்பில் சேருங்கள். நிறுவனமே விலகி நின்றுவிட்ட ஒருவருக்குச் சேகரிப்பாளர்கள் மட்டும் இன்னும் காவல் நிற்கிறார்கள்.

இதைச் செய்தால் விலை ஏறாது, இறங்கவும் கூடும். கூலியின் கதை தெரிந்த பிறகு ஒரு பக்கத்தை முன்போல் பார்க்க முடியாது. பார்க்கிறவனுக்கு அது உறுத்தும். அந்த உறுத்தல் வரக் கூடாது என்பதற்காகத்தான் இவ்வளவு காலமாக நடுப்பக்கத்தை மட்டும் பத்திரப்படுத்தி மற்றதையெல்லாம் வெளியே விட்டிருக்கிறார்கள். ஒரு இதழிலிருந்து பெண்ணின் படத்தைக் கிழித்தால் குறை என்கிறவர்கள், அந்தப் பெண்ணின் பெயரையும் கூலியையும் குரலையும் கிழித்தெடுத்த பிரதிக்கு 'முழுமையானது' என்று சீட்டு ஒட்டி விற்கிறார்கள். விலை கொடுப்பதற்கு முன், விடுபட்ட பக்கங்கள் எங்கே என்று கேளுங்கள்.